பக்தி இல்லாதவர் ஆன்மிக ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்யலாமா?

நீங்கள் கேட்டிருப்பது மூன்று கேள்விகள். விளம்பரப் படங்களில் இரண்டு ஆண்டு உதவி ஒளிப்பதிவாளராக இருந்துவிட்டு, ஆன்மிகம், பண்பாடு சார்ந்த ஆவணப்படங்கள் பக்கம் வர நினைக்கிறீர்கள். எந்த கேமரா வாங்கலாம், இதை வைத்துப் பிழைக்க முடியுமா, பெரிதாகக் கடவுள் நம்பிக்கை இல்லாத நான் இதைச் செய்யலாமா என்று எழுதியிருக்கிறீர்கள். மூன்றாவதைக் கடைசியில், போகிற போக்கில் கேட்டிருக்கிறீர்கள். ஆனால் உங்களை உறுத்துவது அதுதான் என்று எனக்குப் படுகிறது. பிறர் கும்பிடுகிற இடத்தில், கும்பிடாத ஒருவர் கேமராவோடு நிற்க என்ன உரிமை இருக்கிறது? கேள்வியை இப்படியே எடுத்துக்கொண்டு பதில் சொல்கிறேன். கேமரா விஷயம் தானாக நடுவில் வந்துவிடும்.

இருபது ஆண்டுகளுக்கு மேலாக இதுதான் என் வேலை. பல மதங்களின் சடங்குகள், ஊர்வலங்கள், இசை, நடனம், துறவிகளின் அன்றாடம் என்று படம் பிடித்திருக்கிறேன். நான் ஒளிப்பதிவாளன், மானிடவியல் படித்தவன் அல்ல. ஆகவே ஒரு சடங்குக்கு என்ன பொருள் என்று என்னிடம் கேட்டால் திணறுவேன். அதை எங்கே நின்றால் சரியாகப் பார்க்கலாம் என்று கேட்டால் ஓரளவு சொல்வேன்.

நம்பிக்கை தேவையில்லை. இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. என்னோடு வேலை செய்த ஒரு இளைஞர் மிகுந்த பக்தி உள்ளவர். மூன்று மணி நேரம் காத்திருந்த பிறகு சடங்கின் உச்சம் வந்தது. அவர் கேமராவை விட்டுவிட்டுக் கண்ணை மூடிக் கைகூப்பிவிட்டார். ஸ்டாண்டில் பூட்டாமல் விட்ட கேமரா மெல்லத் தலை கவிழ்ந்தது. அந்த ஷாட்டில் பதினோரு நொடிக்கு நல்ல தெளிவான தரை இருக்கிறது. எனக்குக் கோபம் வரவில்லை, சிரிப்புதான் வந்தது. இதற்கு நேர் எதிரான ஆளும் உண்டு. எல்லாம் வேஷம் என்று முடிவுகட்டிவிட்டு வருகிறவர். அவர் எடுத்ததைப் பார்த்தாலே தெரியும். அழுகிற முகத்துக்கு ஒரு அடி தூரத்தில் 18 மில்லிமீட்டர் லென்ஸை நீட்டியிருப்பார். மூக்கு பெருத்து, நெற்றி வளைந்து, அந்த மனிதர் கேலிச்சித்திரமாகிவிடுவார். வாய் திறக்காமலே லென்ஸ் கருத்துச் சொல்லிவிடும். அங்கே இருப்பவர்களுக்கு இது நிஜம் என்று ஏற்றுக்கொள்ளுங்கள். அவர்கள் எதைக் கவனிக்கிறார்களோ அதை நீங்களும் அவ்வளவு கவனமாகக் கவனியுங்கள். உங்களிடம் எதிர்பார்ப்பது இவ்வளவுதான். நீங்கள் நம்புகிறீர்களா என்று என்னை நேராகக் கேட்டவர்கள் உண்டு. ‘இன்னும் பார்த்துக்கொண்டிருக்கிறேன்’ என்று சொல்வேன். யாரும் கோபித்துக்கொண்டதில்லை.

விளம்பரப் படத்திலிருந்து வருபவருக்கு உண்மையான சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது. அங்கே எல்லாமே கேமராவுக்காக நடக்கிறது. சரியாக வரவில்லை என்றால் இருபது முறை எடுக்கலாம். இங்கே நடப்பது எதுவும் உங்களுக்காக நடக்கவில்லை. நீங்கள் வராமல் போயிருந்தாலும் அது நடந்திருக்கும். ரீடேக் கேட்க முடியாது, கேட்கவும் கூடாது. நான் இதைக் கற்றுக்கொண்டது ஒரு பெரிய கூட்டத்தில். முன்வரிசைக்குப் பின்னால் நல்ல இடம் பிடித்து, நீளமான லென்ஸ் போட்டு, காலையிலிருந்து காத்திருந்தேன். ஃப்ரேம் பிரமாதமாக இருந்தது. அந்தக் கணம் வந்ததும் உட்கார்ந்திருந்த மொத்தக் கூட்டமும் எழுந்து கைகளைத் தூக்கிவிட்டது. எனக்குக் கிடைத்தது முதுகுகள். முந்தின நாள் மாலை போய் யாரிடமாவது ஒரு வார்த்தை கேட்டிருந்தால், ‘அப்போது எல்லோரும் எழுந்துவிடுவார்கள்’ என்று சொல்லியிருப்பார்கள். அதற்கப்புறம் முதல் நாள் கேமராவை எடுக்காமல்தான் போவேன். யாரிடம் கேட்பது என்பதும் முக்கியம். சடங்கை நடத்துபவரிடம் கேட்டால் அதன் மகிமையைச் சொல்வார். தரையைப் பெருக்குகிறவர், விளக்குக்கு எண்ணெய் ஊற்றுகிறவர், தாளக் கருவி வாசிப்பவர் இவர்களுக்குத்தான் எது எப்போது, யார் எந்தப் பக்கம் நகர்வார், விளக்கை எப்போது அணைப்பார்கள் என்ற வரிசை அத்துப்படி. அதிலும் தாளம் வாசிப்பவர் பக்கத்தில் நிற்பது எனக்குப் பிடித்த தந்திரம். உச்சம் வருவதற்குச் சற்று முன்பே அவர் கை மாறிவிடும். அந்த இரண்டு நொடி உங்களுக்குப் போதும்.

சரி, கேமரா. இந்த வேலைக்கு வெளிச்சம் பெரும்பாலும் குறைவு, கூடுதல் விளக்கு வைக்க அனுமதி பெரும்பாலும் கிடையாது. அதனால் இருட்டில் நன்றாகப் பார்க்கிற கேமரா வேண்டும். இப்போது வருகிற சில கேமராக்களில் அடிப்படை ஐஎஸ்ஓ, அதாவது வெளிச்சத்தை உணரும் திறனின் அளவு, இரண்டு இருக்கிறது, 800, 12,800 என்பது போல. இரண்டாவது எண்ணுக்கு மாற்றினால் விளக்கொளியிலும் புள்ளிபுள்ளியாகத் தெரியும் இரைச்சல் குறைவான படம் கிடைக்கும். ஆனால் இருட்டை வெல்வது ஒரு பாதி வேலைதான். தீபச் சுடரின் நிற வெப்பநிலை ஏறக்குறைய 1,900 கெல்வின். எந்த நிறத்தை வெள்ளையாக எடுத்துக்கொள்வது என்று கேமராவுக்குச் சொல்லும் ஒயிட் பேலன்ஸைத் தானியங்கியில் விட்டால் கேமரா அந்தச் சிவந்த மஞ்சளை ‘திருத்த’ப் பார்க்கும், தீபம் வெளிறிப் போகும். நான் 3,200-இல் பூட்டிவிடுவேன், சுடர் சுடராக இருக்கும். அப்புறம், தெருவில் எல்இடி சர விளக்குகள் வந்தபிறகு பட்டைபட்டையாக மினுங்குகிற தொல்லை. மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் உள்ள நாடுகளில் ஷட்டரை 1/50-லோ 1/100-லோ வைத்தால் பெரும்பாலும் சரியாகும். மலிவான எல்இடியில் அதுவும் பலிக்காது, கோணத்தை மாற்றி விளக்கை ஃப்ரேமுக்கு வெளியே தள்ளுவேன். லென்ஸில் 35, 50, 85 மில்லிமீட்டர் மூன்றும் போதும், நிறைய வெளிச்சம் உள்ளே வரும்படி எஃப் 1.8 அளவுக்குத் திறந்தால் நல்லது. கேமராவைக் கடன் வாங்கி வாங்காதீர்கள், வாடகைக்கு எடுங்கள். சொந்தமாக வாங்க வேண்டியது நல்ல ஸ்டாண்டும், நெடுநேரம் நிற்கத் தாங்குகிற செருப்பும்தான். பல இடங்களில் அந்தச் செருப்பையும் கழற்றி வெளியே விடச் சொல்வார்கள்.

ஸ்லோ மோஷனைப் பற்றி என் எரிச்சலையும் இங்கேயே கொட்டிவிடுகிறேன். ஆன்மிகம் என்றாலே நொடிக்கு 120 ஃப்ரேமில் புகை எழும்பி, மணி மெதுவாக ஆடி, பின்னணியில் புல்லாங்குழல் கேட்க வேண்டும் என்று எவரோ சட்டம் போட்டதுபோல் ஆகிவிட்டது. ஒரு சடங்குக்கு அதற்கென்று ஒரு வேகம் இருக்கிறது. சில கை அசைவுகள் வெடுக்கென்று முடிந்துவிடும், சில ஓதல்கள் இழுத்துக்கொண்டே போகும். அந்த வேகத்தில்தான் நூற்றாண்டுகளாகப் பயிற்சி குடியிருக்கிறது. மெதுவாக்கினால் போவது அதுதான். கூடவே நிஜ ஒலியும் போய்விடுகிறது, ஏனென்றால் மெதுவான படத்துக்கு ஒலி பொருந்தாது. இந்த வகைப் படங்களில் பாதி உயிர் ஒலியில் இருக்கிறது. மந்திரமோ பாட்டோ அழுகையோ, அது எந்தச் சுவரில் மோதித் திரும்பியது என்பதுவரை கேட்கும். ஒலிப்பதிவாளருக்கு நல்ல இடம் கிடைத்த பிறகு எனக்கு இடம் தேடுவதுதான் நியாயம் என்று நினைக்கிறேன். இதை ஒத்துக்கொள்ளும் ஒளிப்பதிவாளர்கள் குறைவு.

இதுவரை சொன்னதெல்லாம் நான் உறுதியாகச் சொல்லக்கூடியது. இனி சொல்வதில் ஆண்டு ஏற ஏற என் உறுதி குறைந்துகொண்டே வருகிறது. கேமரா அங்கே இருப்பதாலேயே சடங்கு மாறிவிடுகிறதா? 1930-களின் பிற்பகுதியில் மானிடவியலாளர்கள் மார்கரெட் மீடும் கிரகரி பேட்சனும் பாலித் தீவில் ஆயிரக்கணக்கான அடி 16 எம்எம் ஃபிலிமில் நடனத்தையும் அருள் வந்து ஆடுவதையும் பதிவு செய்தார்கள். அங்கே இத்தகைய நிகழ்ச்சிகள் பெரும்பாலும் இரவில் நடப்பவை. அன்றைய ஃபிலிமுக்கு இரவு வெளிச்சம் போதாது. பணம் கொடுத்துப் பகலில் நடத்தச் சொன்னார்கள். அவர்கள் இதை மறைக்கவில்லை. ஆனாலும் நாம் இன்று பார்ப்பது வெயிலில் நடக்கும் ஒன்றை. இருட்டு அதன் பாகமாக இருந்ததா, சும்மா நேரம்தானா என்று படத்தைப் பார்த்து யாரும் சொல்ல முடியாது.

பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ஜான் ரூஷ் சொன்னது இன்னும் வினோதம். 1971-இல் நைஜர் நாட்டில் சிமிரி என்ற ஊரில் நான்கு நாளாகச் சடங்கு நடந்தும் யார் மேலும் ஆவி இறங்கவில்லை. பழைய மேளங்களையாவது பதிவு செய்யலாம் என்று அவர் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு நடந்தார். மேளம் நின்றுவிட்டது. அவர் நிறுத்தவில்லை, எடுத்துக்கொண்டே இருந்தார். மேளம் மறுபடி தொடங்கியது, ஆவியும் இறங்கியது. ஏறக்குறைய பத்து நிமிடம், வெட்டே இல்லாத ஒரே ஷாட். கேமராவில் போட்ட 400 அடி ஃபிலிம் சுருள் ஓடுகிற நேரமே பதினொரு நிமிடம்தான். தன் கேமராதான் அதைத் தூண்டியது என்று ரூஷ் பின்னாளில் எழுதினார், தானும் ஒருவகை மயக்கத்தில்தான் இருந்ததாகச் சொன்னார். இதை நான் முழுதாக நம்பவில்லை. ஒளிப்பதிவாளர்கள் தங்களைப் பற்றிக் கொஞ்சம் பெரிதாக நினைப்பவர்கள், என்னையும் சேர்த்துத்தான். ஆனால் நான் கேமராவை இறக்கியதும் ஒரு பாட்டியின் ஆட்டம் தளர்ந்ததையும் பார்த்திருக்கிறேன், நான் கிளம்பிய பிறகுதான் ஆட்டம் நிஜமாகத் தொடங்கியது என்று அடுத்த நாள் கேள்விப்பட்டும் இருக்கிறேன். இரண்டையும் வைத்து ஒரு விதி எழுத என்னால் முடியவில்லை.

கேமராவுக்காகவே சடங்கு நடந்தால்? 1975 ஏப்ரலில் கேரளத்தின் பாஞ்ஞாள் கிராமத்தில் நம்பூதிரிகள் பன்னிரண்டு நாள் அக்னிசயனம் என்ற வேள்வியைச் செய்தார்கள். பறவை வடிவில் செங்கல் அடுக்கிய வேள்வி மேடை. அந்த மரபு அற்றுப்போவதற்குள் பதிவு செய்துவிட வேண்டும் என்று அறிஞர் ஃப்ரிட்ஸ் ஸ்டால் முன்னின்று ஏற்பாடு செய்தார், வெளிநாட்டுப் பணமும் வந்தது, ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் கார்ட்னர் படம் பிடித்தார். ஆடுகளைப் பலியிடுவதற்கு எதிர்ப்பு எழவே, அவற்றுக்குப் பதிலாக இலையில் பொதிந்த அரிசி மாவை வைத்தார்கள். பதிவு செய்ய ஆள் வந்ததால் நடந்தது வேள்வியா, வேள்வியின் நிகழ்ச்சியா என்று அறிஞர்கள் பிற்பாடு சண்டை போட்டார்கள். நான் அந்தச் சண்டையில் தீர்ப்புச் சொல்லும் இடத்தில் இல்லை. ஆனால் 2011-இல் அதே ஊரில் அந்த வேள்வி மறுபடி நடந்தது. கேமரா வந்து கெடுத்துவிட்டது என்று ஒரே அடியாகச் சொல்கிறவர்களிடம் இதை நினைவூட்டுவேன். என் அளவில் வைத்துக்கொண்ட கோடு ஒன்றுதான்: எனக்காக எதையும் இன்னொரு முறை செய்யச் சொல்ல மாட்டேன், எனக்காக அவர்கள் ஏதாவது மாற்றியிருந்தால் அது படத்தில் தெரிய வேண்டும் என்று இயக்குநரிடம் சண்டை போடுவேன். பாதி சண்டைகளில் தோற்றிருக்கிறேன்.

அனுமதி பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் மூன்றாவது கேள்விக்கு நேரடியான பதில் அங்கேதான் இருக்கிறது. நிற்கும் உரிமையை நீங்கள் கொண்டுவருவதில்லை, அவர்கள் தருகிறார்கள். பிரான்சின் ஆல்ப்ஸ் மலையில் உள்ள கிராண்ட் ஷார்த்ரூஸ் என்ற கிறிஸ்தவத் துறவிகளின் மடத்தைப் படம் பிடிக்க ஜெர்மானிய இயக்குநர் பிலிப் க்ரோனிங் 1984-இல் கேட்டார். இப்போது வேண்டாம் என்றார்கள். பதினாறு ஆண்டு கழித்து, இன்னும் விருப்பம் இருக்கிறதா என்று அவர்களே கேட்டு எழுதினார்கள். அவர் தனி ஆளாக, செயற்கை விளக்கு எதுவும் இல்லாமல், துறவிகளோடு பல மாதம் தங்கி எடுத்தார். படம் 2005-இல் வந்தது. நம்மில் யாருக்கும் பதினாறு ஆண்டுப் பொறுமை இருக்காது, தயாரிப்பாளருக்குப் பதினாறு நாள்கூட இருக்காது. ஆனால் ‘வேண்டாம்’ என்பதைப் பேரம் பேசித் தாண்ட வேண்டிய தடையாகப் பார்க்காமல் இருக்கலாம்.

கிடைத்த அனுமதியும் என்றென்றைக்கும் அல்ல. ஆஸ்திரேலியாவில் 1960-களிலும் 70-களிலும் பூர்வகுடி ஆண்களின் ரகசியச் சடங்குகளைப் படமெடுத்தார்கள். எடுக்கும்போது ஒப்புதல் இருந்தது. அந்தச் சமூகத்திலேயே பெண்களும் சடங்கில் சேர்க்கப்படாத சிறுவர்களும் பார்க்கக் கூடாதவை அவை. வெளியே திரையிடத் தொடங்கிய பிறகு, படம் என்பது எங்கெல்லாம் போய்ச் சேரும் என்று எல்லோருக்கும் உறைத்தது. பல படங்கள் பொதுப் பார்வையிலிருந்து விலக்கப்பட்டு, காப்பகத்தில் கட்டுப்பாட்டோடு வைக்கப்பட்டன. இன்று நீங்கள் எடுக்கும் பத்து நொடி, அன்றிரவே யாருடைய கைப்பேசியிலாவது இருக்கும். அருள் வந்து நிலைகுலைந்து விழுந்த ஒரு பெண்ணின் முகம் அவருக்கு அடுத்த வாரம் வேலை செய்யும் இடத்தில் என்ன ஆகும்? சடங்குக்கு அனுமதி கொடுத்த பெரியவர் அந்தப் பெண்ணுக்காகப் பேசிவிட முடியாது. நான் முடிந்தவரை மறுநாள் போய், எடுத்ததைச் சின்னத் திரையில் அவரிடமே காட்டி, வைக்கலாமா என்று கேட்பேன். வேண்டாம் என்று சொல்லி அழித்தவற்றில் என் மிக நல்ல ஷாட்டுகள் இரண்டு உண்டு. அதற்காக வருந்தவில்லை என்று சொன்னால் பொய்.

பிழைப்புக்கு வருகிறேன். இதை மட்டும் வைத்து ஆண்டு முழுக்கச் சம்பாதிப்பவர்கள் மிகச் சிலர். நான் அவர்களில் ஒருவன் அல்ல. என் ஆண்டில் பாதிக்கு மேல் நிறுவனப் படங்களும் தொலைக்காட்சி வேலைகளும்தான். அவை வாடகையைக் கட்டுகின்றன. பண்பாட்டு வேலை மூன்று வழியில் வருகிறது: தொலைக்காட்சியும் ஓடிடி தளங்களும், அறக்கட்டளைகளும் ஆய்வு நிறுவனங்களும் தருகிற நிதி, அப்புறம் சமய அமைப்புகளே கொடுக்கும் பணி. யுனெஸ்கோவின் 2003 உடன்படிக்கைக்குப் பிறகு இன்னொரு சிறு வழியும் திறந்தது. தொட்டறிய முடியாத பண்பாட்டு மரபுகளின் பட்டியலுக்கு ஒரு மரபை முன்மொழியும்போது ஐந்து முதல் பத்து நிமிட வீடியோ ஒன்றையும், அந்தச் சமூகத்தின் ஒப்புதலையும் சேர்த்து அனுப்ப வேண்டும். மூன்றாவது வழியில் மட்டும் கொஞ்சம் கண்ணைத் திறந்து வைத்திருங்கள். பணம் தாராளமாக இருக்கும், கைக்கு வருவது விளம்பரப் படமாக இருக்கும். ஓர் அமைப்புக்காக ஒரு மாதம் எடுத்த பிறகு, தொண்டர்கள் களைத்துத் தூங்கும் காட்சிகளையெல்லாம் நீக்கச் சொன்னார்கள். நீக்கியது மட்டுமல்ல, மூல ஃபுட்டேஜ் முழுவதையும் ஒப்படைக்கச் சொன்னார்கள். ஒப்பந்தத்தில் அப்படித்தான் இருந்தது, நான் படிக்காமல் கையெழுத்துப் போட்டிருந்தேன். எனக்குப் பிடித்தவை தொண்டர்கள் தூங்கும் அந்தக் காட்சிகள்தான். மூல ஃபுட்டேஜ் யாருக்குச் சொந்தம் என்ற வரியை முதலில் தேடிப் படியுங்கள், சம்பள வரியை அப்புறம் பார்க்கலாம். விளம்பர வேலையையும் இப்போதே விட்டுவிடாதீர்கள். ஆண்டுக்கு ஒரு நிகழ்வைத் தேர்ந்தெடுத்து, அதே நிகழ்வை மூன்று ஆண்டு தொடர்ந்து எடுத்துப் பாருங்கள். ஒரே ஆண்டில் பத்து நிகழ்வுக்கு ஓடுவதைவிட இது அதிகம் கற்றுத்தரும். காட்டுவதற்கும் கையில் ஒரு படம் இருக்கும்.

தள்ளிப்போடவும் வேண்டாம். சத்யஜித் ராய் நடனக் கலைஞர் பாலசரஸ்வதியைப் படமெடுக்க நினைத்தது 1966-இல். எடுத்தது 1976-இல், அப்போது பாலசரஸ்வதிக்கு வயது 58. ராய்க்கே பத்து ஆண்டு நழுவியிருக்கிறது. அந்த நடுப் பத்து ஆண்டில் அவர் ஆடியதை ராயின் கேமரா வழியாக நாம் பார்க்க வழியில்லை.

எடுத்ததைக் காப்பாற்றுவது ஒளிப்பதிவாளர் வேலை அல்ல என்று பலர் நினைக்கிறார்கள். தயாரிப்பு நிறுவனங்கள் மூடப்படும், ஹார்ட் டிஸ்க்குகள் செத்துப்போகும். 4கே-யில் உயர்தர கோடெக்கில் (வீடியோவைச் சுருக்கிச் சேமிக்கும் முறை) எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 300 ஜிபி-க்கு மேல் போகும், அதனால் யாரும் இரண்டாவது பிரதி எடுக்க மாட்டார்கள். ஒப்பந்தம் அனுமதிக்கிற எல்லா இடத்திலும் நான் மூன்று பிரதி எடுக்கிறேன். இரண்டு வேறு வேறு ஊரில் இருக்கும். மூன்றாவது, வெட்டாமல் ஒட்டாமல், இசை சேர்க்காமல், சாதாரணத் தொலைக்காட்சியில் ஓடக்கூடிய வடிவில், சடங்கைச் செய்தவர்களுக்கு. தபாலில் அனுப்பாமல் நேரில் கொண்டுபோய்க் கொடுங்கள், கூடவே உட்கார்ந்து பாருங்கள். உங்கள் அழகான ஃப்ரேம்களை யாரும் கவனிக்க மாட்டார்கள். ‘இவர் போன வருஷம் தவறிவிட்டார்’, ‘இந்த இடத்தில் அவன் தப்பாகச் சொல்கிறான்’, ‘நீங்கள் அந்தப் பக்கம் நின்றிருக்க வேண்டும்’ என்று பேசிக்கொள்வார்கள். மூன்றாவது வரியை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கிளம்பும்போது அடுத்த முறை நடக்கும் தேதியைச் சொல்வார்கள், அதையும்.